பாஸ்புக்கில் 436 ரூபாய் கழிந்திருக்கிறதா? காரணம் இதுதான்!

“திருத்தணி வட்டத்தில் நான்கு ஏக்கரில் நெல், வேர்க்கடலை சாகுபடி செய்கிறேன். ஜூன் மாதம் பாஸ்புக்கில் பதிவு போட்டுப் பார்த்தபோது, சேமிப்புக் கணக்கில் 436 ரூபாயும், 20 ரூபாயும் கழிந்திருந்தன. டிராக்டர் கடன் கணக்கில் ‘இன்சூரன்ஸ்’ என்று தனியாக ஒரு தொகை ஏறியிருக்கிறது. பயிர்க்கடன் கணக்கிலும் அப்படியே. எந்தக் காப்பீட்டிலும் சேர்ந்ததாக நினைவில்லை. இந்தப் பணத்தைத் திரும்ப வாங்க முடியுமா?”

- வாசகர், திருத்தணி வட்டம், திருவள்ளூர் மாவட்டம்.

சிலவற்றைத் திரும்ப வாங்கலாம். சிலவற்றை வாங்காமல் இருப்பதே நல்லது. கேள்வியில் உள்ள நான்கு தொகைகளும் நான்கு வெவ்வேறு காப்பீடுகள். ஒன்று உயிருக்கு, ஒன்று விபத்துக்கு, ஒன்று வண்டிக்கு, ஒன்று பயிருக்கு. எது எதற்கு என்று தெரியாமல் ‘எல்லாவற்றையும் நிறுத்துங்கள்’ என்று எழுதிக் கொடுத்தால், குடும்பத்துக்குத் தேவையான பாதுகாப்பும் சேர்ந்தே போய்விடும். தெரியாமலே விட்டுவிட்டாலோ, இழப்பு இன்னும் பெரிது. வீட்டில் ஒரு துக்கம் நடந்த பிறகு, காப்பீடு இருப்பதே தெரியாமல் 2 லட்சம் ரூபாயைக் கேட்காமல் விட்டுவிடும் நிலை வரும். ஆகவே, ஒவ்வொன்றாகப் பார்க்கலாம்.

436 ரூபாய்: உயிருக்கான காப்பீடு

பாஸ்புக்கில் ‘பி.எம்.ஜே.ஜே.பி.ஒய்.’ என்ற எழுத்துகளோடு 436 ரூபாய் கழிந்திருந்தால், அது பிரதம மந்திரி ஜீவன் ஜோதி பீமா யோஜனா. 2015-ம் ஆண்டு மே 9-ம் தேதி தொடங்கப்பட்ட திட்டம். ஆரம்பத்தில் ஆண்டுக்கு 330 ரூபாயாக இருந்த பிரீமியம், 2022-ம் ஆண்டு ஜூன் 1-ம் தேதி முதல் 436 ரூபாய் ஆனது. ‘போன தடவை 330 தானே எடுத்தார்கள்’ என்று பழைய பாஸ்புக்கைக் காட்டிச் சந்தேகப்படுபவர்களுக்கு இதுதான் பதில்.

18 முதல் 50 வயது வரை உள்ளவர்கள் இதில் சேரலாம். 50 வயதுக்குள் சேர்ந்தவர்கள் ஆண்டுதோறும் பணம் கட்டி 55 வயது வரை தொடரலாம். எந்தக் காரணத்தால் மரணம் நேர்ந்தாலும் நாமினிக்கு 2 லட்சம் ரூபாய் கிடைக்கும். புதிதாகச் சேர்ந்தவர்களுக்கு முதல் 30 நாட்களில் விபத்து மரணத்துக்கு மட்டும்தான் பாதுகாப்பு உண்டு. திட்டத்தை விட்டுவிட்டு மறுபடி சேர்பவர்களுக்கும் இந்த 30 நாள் நிபந்தனை பொருந்தும். அதனால்தான் ஒரு வருடம் கட்டி, ஒரு வருடம் விடுவது சரிவராது.

436-க்குப் பதிலாக 342, 228, 114 என்று வேறு தொகை கழிந்திருந்தாலும் குழம்ப வேண்டாம். இந்தத் திட்டத்தின் ஆண்டு, ஜூன் 1-ல் தொடங்கி மே 31-ல் முடிகிறது. ஜூன் முதல் ஆகஸ்ட் வரை சேர்பவர்களுக்கு முழுத் தொகையான 436 ரூபாய். செப்டம்பர் முதல் நவம்பர் வரை 342. டிசம்பர் முதல் பிப்ரவரி வரை 228. மார்ச் முதல் மே வரை 114 ரூபாய். நடுவில் சேர்ந்தவர்களுக்கு அடுத்த மே மாதக் கடைசியில் முழு 436 ரூபாய் கழியும். மார்ச்சில் 114, மே மாதத்தில் 436 என்று இரண்டு முறை கழிந்திருப்பதைப் பார்த்து, வங்கி இரட்டிப்பாக எடுத்துவிட்டதாக நினைக்க வேண்டியதில்லை.

20 ரூபாய்: விபத்துக்கான காப்பீடு

‘பி.எம்.எஸ்.பி.ஒய்.’ என்று 20 ரூபாய் கழிந்திருந்தால், அது பிரதம மந்திரி சுரக்ஷா பீமா யோஜனா. இதுவும் அதே நாளில் தொடங்கப்பட்டதுதான். முதலில் 12 ரூபாய். 2022 ஜூன் முதல் 20 ரூபாய். 18 முதல் 70 வயது வரை உள்ளவர்களுக்கு உண்டு. விபத்தில் இறந்தாலோ, இரண்டு கண் பார்வையும் அல்லது இரண்டு கை, இரண்டு கால் செயல்பாடும் முழுமையாகப் போனாலோ 2 லட்சம் ரூபாய். ஒரு கண், ஒரு கை அல்லது ஒரு கால் நிரந்தரமாகச் செயலிழந்தால் 1 லட்சம் ரூபாய். நோயால் ஏற்படும் மரணத்துக்கும், தற்கொலைக்கும் இதில் பணம் கிடையாது.

விவசாயக் குடும்பங்கள் கவனிக்க வேண்டிய திட்டம் இது. இரவில் மும்முனை மின்சாரம் வரும் நேரத்தில் மோட்டார் போடப் போகிறவர் வரப்பில் பாம்பை மிதித்துவிடலாம். மாங்காய் பறிக்க ஏறியவர் தவறி விழலாம். பாம்புக்கடியும், மரத்தில் இருந்து விழுவதும் இந்தத் திட்டத்தில் விபத்துதான். ஆனால், ஒரு நிபந்தனை உண்டு. சம்பவம் நடந்த உடனே மருத்துவமனைக்குக் கொண்டு போய், அங்கே என்ன காரணம் என்று பதிவாகியிருக்க வேண்டும். பாம்புக்கடிக்கு வீட்டிலேயே பச்சிலை கட்டி, நிலைமை மோசமான பிறகு மருத்துவமனைக்குப் போனால் உயிருக்கும் ஆபத்து, ஆவணத்துக்கும் வழியில்லை. சாலை விபத்து, ரயில் விபத்து, நீரில் மூழ்குவது போன்றவற்றுக்குக் காவல் நிலையத்தில் புகார் பதிவு அவசியம். ‘ஊருக்குள் பேசி முடித்துக் கொள்ளலாம்’ என்று காவல் நிலையம் போகாமல் விட்டால், காப்பீடும் கைவிட்டுப் போகும்.

‘நான் சேரவே இல்லையே?’

இந்த இரண்டு திட்டங்களிலும் கணக்குதாரர் ஒப்புதல் கொடுத்தால்தான் பணம் எடுக்க முடியும். ஆனால், அந்த ஒப்புதல் எப்போது கொடுக்கப்பட்டது என்பது பல பேருக்கு நினைவிருக்காது. கணக்கு தொடங்கியபோது, நகைக்கடன் வாங்கியபோது, மகளிர் குழுக் கணக்குக்குக் கையெழுத்துப் போட்டபோது என்று, கொடுத்த காகிதக் கட்டில் இந்தப் படிவமும் இருந்திருக்கலாம். ஒருமுறை கையெழுத்து போட்டால், ஒவ்வோர் ஆண்டும் மே 25-ம் தேதியில் இருந்து 31-ம் தேதிக்குள் பணம் தானாகவே கழியும்.

உறுதியாகச் சேரவில்லை என்றால், கிளை மேலாளருக்கு எழுத்து மூலமாக மனு கொடுத்து, ஒப்புதல் படிவத்தின் நகலைக் கேட்கலாம். படிவமே இல்லை என்றால், பிடித்த தொகையைத் திருப்பிக் கேட்பது கணக்குதாரரின் உரிமை. ஒப்புதல் இருக்கிறது, ஆனால் இனி வேண்டாம் என்றால், ‘இந்தத் திட்டத்துக்கான தானியங்கிப் பிடித்தத்தை நிறுத்தவும்’ என்று எழுதிக் கொடுக்க வேண்டும். ஒப்புதலின்பேரில் ஏற்கெனவே கழிந்த தொகை பொதுவாகத் திரும்ப வராது. அடுத்த ஆண்டில் இருந்து நின்றுவிடும். எந்த மனுவாக இருந்தாலும் இரண்டு பிரதி எழுதி, ஒன்றில் வங்கி முத்திரையும் தேதியும் வாங்கிக் கொள்வது முக்கியம். வாய்வார்த்தையாகச் சொல்லிவிட்டு வந்தால், அடுத்த மே மாதமும் பணம் போகும்.

ஒப்புதல் கொடுத்திருந்தாலும் பணம் திரும்பக் கேட்க வேண்டிய சூழ்நிலைகள் உண்டு. 55 வயதைத் தாண்டியவருக்கு 436 ரூபாயோ, 70 வயதைத் தாண்டியவருக்கு 20 ரூபாயோ பிடிக்கப்பட்டிருந்தால், அந்தப் பணத்துக்குக் காப்பீடு கிடையாது. வங்கிப் பதிவில் பிறந்த தேதி சரியாக இருக்கிறதா என்று ஆதார் அட்டையோடு ஒப்பிட்டுப் பார்த்துக் கேட்க வேண்டும்.

எல்லைப் பகுதிக்காரர்கள் கவனத்துக்கு

சித்தூர் மாவட்டத்தில் இருந்த திருத்தணி, 1960-ம் ஆண்டு ஏப்ரல் 1-ம் தேதிதான் தமிழகத்தோடு இணைந்தது. மாநில எல்லை மாறினாலும் உறவுகள் மாறவில்லை. நகரி, புத்தூர் பக்கம் பெண் கொடுத்து, பெண் எடுத்த குடும்பங்கள் இங்கே உண்டு. திருத்தணியில் ஒரு கணக்கு, நகரியில் ஒரு கணக்கு என்று வைத்திருப்பவர்கள், இரண்டு பாஸ்புக்கையும் ஒருசேர எடுத்துப் பார்க்க வேண்டும். இந்த இரண்டு திட்டங்களிலும் ஒருவர் ஒரு கணக்கு மூலமாக மட்டும்தான் சேர முடியும். இரண்டு வங்கிகளில் 436 ரூபாய் கழிந்தாலும், கிடைப்பது 2 லட்சம் மட்டுமே. 4 லட்சம் கிடையாது. கூடுதலாகக் கட்டிய பிரீமியம் வீண். ஏதாவது ஒரு கணக்கில் மட்டும் வைத்துக் கொண்டு, மற்றதில் எழுதிக் கொடுத்து நிறுத்திவிட வேண்டும். எந்தக் கணக்கில் மே மாதத்தில் இருப்பு நிச்சயமாக இருக்குமோ, அதைத் தொடர்வது நல்லது. கணவன், மனைவி தனித்தனியாகச் சேர்வதற்குத் தடை இல்லை.

டிராக்டர் கடனில் ஏறிய தொகை

கடனில் வாங்கிய வண்டி, கடன் தீரும் வரை வங்கிக்கு அடமானம். அதற்குக் காப்பீடு இல்லாமல் இருக்கக் கூடாது என்பது கடன் ஒப்பந்தத்தில் எழுதப்பட்டிருக்கும். உரிமையாளர் புதுப்பிக்காமல் விட்டால், வங்கியே பிரீமியத்தைக் கட்டிவிட்டுக் கடன் கணக்கில் ஏற்றிவிடும் என்ற நிபந்தனையும் அதில் இருக்கலாம். அப்படி ஏறிய தொகைக்கு, கடனுக்கான வட்டியும் சேர்ந்து வளரும். டிராக்டர் மட்டுமல்ல, கோயம்பேட்டுக்குக் காய்கறி ஏற்றும் குட்டியானைக்கும், குடும்பத்துக்கு வாங்கிய காருக்கும் இதே கதைதான்.

இதில் செய்ய வேண்டியது, முதலில் பாலிசி நகலைக் கேட்டு வாங்குவது. அதில் வண்டி எண் சரியாக இருக்கிறதா, எந்தத் தேதியில் இருந்து எந்தத் தேதி வரை, டிரெய்லருக்கும் சேர்த்துப் பிரீமியம் கட்டப்பட்டிருக்கிறதா என்று பார்க்க வேண்டும். டிராக்டருக்கு மட்டும் கட்டி, டிரெய்லரை விட்டிருந்தால், கரும்பு ஏற்றிப் போகும்போது டிரெய்லரால் நடக்கும் விபத்தில் சிக்கல் வரும்.

உரிமையாளர் ஏற்கெனவே வேறு நிறுவனத்தில் புதுப்பித்திருந்து, வங்கியும் தனியாக எடுத்திருந்தால், ஒரே வண்டிக்கு இரண்டு காப்பீடு ஆகிவிடும். அப்போது, தான் எடுத்த பாலிசியின் நகலை வங்கியில் கொடுத்து, இன்னொன்றை ரத்து செய்து பணத்தைக் கடன் கணக்கில் வரவு வைக்கும்படி எழுதிக் கேட்க வேண்டும். தாமதிக்கத் தாமதிக்கத் திரும்பும் தொகை குறையும். ஆண்டுதோறும் காப்பீடு புதுப்பித்ததும் ஒரு நகலை வங்கியில் கொடுத்து வைத்தால் இந்தப் பிரச்னையே வராது.

‘காப்பீடே வேண்டாம்’ என்று மட்டும் முடிவெடுத்துவிடக் கூடாது. மோட்டார் வாகனச் சட்டம், 1988-ன் 146-வது பிரிவுப்படி, சாலையில் ஓடும் வண்டிக்கு மூன்றாம் நபர் காப்பீடு கட்டாயம். இல்லாமல் ஓட்டினால் முதல் முறை 2,000 ரூபாய் அபராதம் அல்லது மூன்று மாதம் வரை சிறை, அல்லது இரண்டும். மறுபடி பிடிபட்டால் அபராதம் 4,000 ரூபாய். அபராதத்தைவிடப் பெரிய ஆபத்து வேறு. வண்டி மோதி ஒருவர் இறந்து, நீதிமன்றம் இழப்பீடு விதித்தால், காப்பீடு இல்லாத உரிமையாளர் அதைத் தன் கையில் இருந்து கொடுக்க வேண்டும். நிலத்தை விற்கும் நிலைகூட வரலாம். அதேபோல, விவசாய வேலைக்கு என்று காப்பீடு செய்த டிராக்டரின் டிரெய்லரில் ஆடிக் கிருத்திகைக்கு ஆட்களை ஏற்றிக் கொண்டு மலைக்கோயிலுக்கு வருவதும் ஆபத்து. வழியில் விபத்து நடந்தால், காப்பீட்டு நிறுவனம் பொறுப்பேற்க மறுக்க இடம் உண்டு.

இருசக்கர வாகனம் வைத்திருப்பவர்களுக்கு ஒரு தகவல். 2018 செப்டம்பர் 1-ம் தேதி முதல் விற்கப்படும் புது இருசக்கர வாகனங்களுக்கு 5 ஆண்டுக்கும், புது கார்களுக்கு 3 ஆண்டுக்கும் மூன்றாம் நபர் காப்பீடு வாங்கும்போதே கட்டப்படுகிறது. அந்தக் காலத்துக்குள் மறுபடியும் அதே காப்பீட்டுக்குப் பணம் பிடிக்கப்பட்டிருந்தால், காரணம் கேட்க வேண்டும். வண்டிக்கு ஏற்படும் சேதத்துக்கான காப்பீடு மட்டும் என்றால், அது தனி.

பயிர்க்கடனில் ஏறிய தொகை

இது பிரதம மந்திரி பயிர்க் காப்பீட்டுத் திட்டமாக இருக்கும். 2016-ல் தொடங்கியது. விவசாயி கட்ட வேண்டிய பங்கு, காரீப் பருவத்துக்குக் காப்பீட்டுத் தொகையில் 2 சதவிகிதம், ராபி பருவத்துக்கு ஒன்றரை சதவிகிதம், ஆண்டுப் பயிர்களான வணிகப் பயிர், தோட்டக்கலைப் பயிர்களுக்கு 5 சதவிகிதம். எடுத்துக்காட்டாக, ராபியில் ஒரு பயிருக்குக் காப்பீட்டுத் தொகை 30,000 ரூபாய் என்றால், விவசாயியின் பங்கு 450 ரூபாய். மீதிப் பிரீமியத்தை மத்திய, மாநில அரசுகள் கட்டுகின்றன. கணக்கில் ஏறிய தொகையை இந்தச் சதவிகிதத்தோடு ஒப்பிட்டால், சரியா, தவறா என்று வீட்டிலேயே தெரிந்துவிடும்.

முன்பு பயிர்க்கடன் வாங்கியவர்களுக்கு இது கட்டாயமாக இருந்தது. 2020 காரீப் பருவத்தில் இருந்து விருப்பம் போல மாற்றப்பட்டது. ஆனால், கடன் வாங்கியவர் வேண்டாம் என்று எழுதிக் கொடுக்காவிட்டால், வங்கியோ கூட்டுறவுக் கடன் சங்கமோ பிரீமியத்தைப் பிடித்துவிடும். வேண்டாம் என்றால், அந்தப் பருவத்தின் கடைசித் தேதிக்கு 7 நாட்கள் முன்னதாக எழுதிக் கொடுக்க வேண்டும்.

வேண்டாம் என்று சொல்வதைவிட, சரியான பயிருக்குப் பிடித்திருக்கிறார்களா என்று பார்ப்பதுதான் முக்கியம். கடன் வாங்கும்போது நெல் என்று எழுதிவிட்டு, தண்ணீர் போதாமல் வேர்க்கடலை விதைத்திருந்தால், கட்டிய காப்பீடு நிலத்தில் இல்லாத பயிருக்குப் போய்விடும். பயிர் மாறினால், கடைசித் தேதிக்கு இரண்டு வேலை நாட்கள் முன்பாகவாவது வங்கிக்குத் தெரிவிக்க வேண்டும். எல்லைக்கு அந்தப் பக்கம் நிலம் இருந்தால், ஆந்திர அரசின் அறிவிக்கைதான் அந்த நிலத்துக்குச் செல்லும். கணக்கு திருத்தணியில் இருக்கிறது என்பதால் தமிழகத்தின் அறிவிக்கை பொருந்தாது. ஆலங்கட்டி மழை, வயலில் வெள்ளம் போன்ற தனிப்பட்ட பாதிப்பு என்றால், 72 மணி நேரத்துக்குள் 14447 என்ற எண்ணில் தகவல் சொல்ல வேண்டும்.

இவை எதுவும் இல்லையென்றால்?

ஐநூறு, ஆயிரம் என்று வேறு தொகை கழிந்திருந்தால், அது வங்கி மூலமாக விற்கப்பட்ட தனியார் விபத்துக் காப்பீடாகவோ, ஆயுள் காப்பீடாகவோ இருக்கலாம். எந்த நிறுவனம், பாலிசி எண் என்ன என்று வங்கியில் எழுதி வாங்கலாம். கடன் கொடுப்பதற்கு நிபந்தனையாக ஆயுள் காப்பீடு விற்கப்பட்டிருந்தால், பாலிசி ஆவணம் கைக்கு வந்ததில் இருந்து 30 நாட்களுக்குள் வேண்டாம் என்று திருப்பிக் கொடுக்க உரிமை உண்டு. காப்பீட்டு நிறுவனம் பற்றிய புகார்களுக்கு 155255 என்ற எண் இருக்கிறது.

வங்கிக்கே தெரியாத மின்னணுப் பிடித்தம் என்றால், ஒரு நாளும் தாமதிக்கக் கூடாது. ரிசர்வ் வங்கி 2017 ஜூலையில் வெளியிட்ட உத்தரவுப்படி, கணக்குதாரர் தவறு இல்லாமல் மூன்றாம் நபர் மோசடியால் பணம் போயிருந்தால், தகவல் கிடைத்த மூன்று வேலை நாட்களுக்குள் வங்கிக்குச் சொன்னால் இழப்பு அவர் தலையில் விழாது. வங்கி பதில் சொல்லாமல் 30 நாட்கள் கடந்தால், ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளரிடம் கட்டணம் இல்லாமல் புகார் கொடுக்கலாம். 14448 என்ற எண்ணில் வழி கேட்கலாம். ‘உங்க 436 ரூபாயைத் திருப்பித் தர்றோம், ஓ.டி.பி. சொல்லுங்க’ என்று யாராவது போனில் கேட்டால், அது வங்கி இல்லை. ஓ.டி.பி. சொல்லிவிட்டால் உடனே 1930-க்கு அழைக்க வேண்டும்.

வீட்டில் சொல்லி வையுங்கள்

காப்பீட்டுப் பணம் வீடு தேடி வராது. நாமினிதான் வங்கிக் கிளைக்குப் போய்க் கேட்க வேண்டும். இறப்புச் சான்றிதழ், பாஸ்புக், நாமினியின் ஆதார், நாமினியின் வங்கிக் கணக்கு விவரம், விபத்து என்றால் காவல் நிலைய, பிரேதப் பரிசோதனை அறிக்கைகள் ஆகியவற்றோடு, 30 நாட்களுக்குள் கோரிக்கைப் படிவம் கொடுப்பது நல்லது. ரூபே ஏ.டி.எம். அட்டை வைத்திருந்தால், அதையும் வங்கியில் காட்டிக் கேட்க வேண்டும். 2018 ஆகஸ்ட் 28-க்குப் பிறகு கொடுக்கப்பட்ட ஜன் தன் கணக்கு அட்டைகளுக்கு, தனியாகப் பணம் எதுவும் பிடிக்காமலே 2 லட்சம் ரூபாய் விபத்துக் காப்பீடு உண்டு. விபத்துக்கு முந்தைய 90 நாட்களுக்குள் அட்டையை ஒருமுறையாவது பயன்படுத்தியிருக்க வேண்டும்.

திருமணத்துக்கு முன் கணக்கு தொடங்கியவர்களுக்கு, நாமினியாக அம்மா பெயரே இருக்கும். அம்மா காலமாகியிருந்தால், மனைவி அலைய வேண்டி வரும். அடுத்த முறை வங்கிக்குப் போகும்போது நாமினி பெயரைக் கேட்டுத் திருத்திக் கொள்ளுங்கள். பாஸ்புக்கின் உள் அட்டையில், எந்தெந்தக் காப்பீடு, எவ்வளவு தொகை, நாமினி யார் என்று பேனாவால் எழுதி வையுங்கள். அதை மனைவியிடமும், படிக்கத் தெரிந்த பிள்ளைகளிடமும் ஒருமுறை காட்டிவிடுங்கள்.

இரண்டு திட்டங்களையும் தொடர விரும்பினால், மே 20-ம் தேதிக்குள் கணக்கில் 456 ரூபாய்க்கு மேல் இருப்பு வையுங்கள். பணம் இல்லாமல் பிடித்தம் தவறினால், ஜூன் 1-ம் தேதி முதல் பாதுகாப்பு இல்லை. ஜூன் முதல் வாரத்தில் பாஸ்புக்கில் பதிவு போட்டு, பணம் கழிந்திருக்கிறதா என்று பார்த்துவிடுங்கள். கழிந்திருந்தால்தான் காப்பீடு இருக்கிறது என்று அர்த்தம்.